குமரியில் முடியும் கோடுகள்

தொல்காப்பியத்தின் சிறப்புப்பாயிரம் தமிழ் வழங்கும் நிலத்துக்கு வடக்கே வேங்கடத்தையும் தெற்கே குமரியையும் எல்லையாகச் சொல்கிறது. பரசுராமர் மழுவை எறிந்து கடலிலிருந்து மீட்டதாகக் கேரளத்தார் நம்பும் நிலம் கோகர்ணத்தில் தொடங்கிக் கன்னியாகுமரியில் முடிகிறது. இந்தியாவின் நீளத்தைச் சொல்ல நாம் வழக்கமாகப் பயன்படுத்தும் தொடர் காஷ்மீர் முதல் கன்னியாகுமரி வரை என்பது. ஒன்று இலக்கண நூலின் முகப்பில் இருக்கிறது, ஒன்று புராணம், மற்றொன்று புதிய தேசத்தின் பேச்சுவழக்கு. மூன்றுக்கும் கடைசிப் புள்ளி ஒன்றே.

இந்த மூன்று எல்லைகளும் வெறும் பழங்கதைகளாக நின்றுவிடவில்லை. 1940களிலும் 1950களிலும் அவை மேடைகளில் ஏறின, மனுக்களில் எழுதப்பட்டன, கடைசியில் நாடாளுமன்றச் சட்டத்தின் ஒரு பிரிவாக மாறின. கன்னியாகுமரி மாவட்டம் 1956 நவம்பர் 1ஆம் தேதி பிறந்தது. அந்த நாளுக்கு முந்தைய ஒன்றரை நூற்றாண்டில் இங்கே வாழ்ந்தவர்களை யார் யார் எப்படி அளந்தார்கள், எந்தப் பெயரால் அழைத்தார்கள், எந்தப் பட்டியலில் சேர்த்தார்கள் என்று பார்த்தால், ஒரு மக்கள் கூட்டம் 'நாங்கள் இன்னார்' என்று சொல்லப் பழகும் விதம் புரியும். மாநிலப் பிரிவினையைப் பற்றி நாம் எழுதியவற்றில் பெரும்பகுதி தியாக வரலாறாகவே இருக்கிறது. தியாகம் உண்மை. ஆனால் அதற்குப் பின்னால் அளவைச் சங்கிலியும் கணக்கெடுப்பு ஏடும் வேலை செய்தன என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

முதலில் நிலம். தோவாளை, அகஸ்தீஸ்வரம் ஆகிய இரண்டு வட்டங்கள்தான் பழைய நாஞ்சில் நாடு. குளத்துப் பாசனமும் ஆற்றுப் பாசனமும் உள்ள நெல்வயல் பூமி. மேற்கே கல்குளம், விளவங்கோடு இரண்டும் மேடும் பள்ளமுமான விளைகள், பனையும் தென்னையும் மரச்சீனியும் வளரும் மண். கிழக்கே ஆரல்வாய்மொழிக் கணவாய் பாண்டி நாட்டின் வாசல். ஆய் மன்னர், சோழர், பாண்டியர், வேணாட்டரசர் என்று பலரும் இந்த வயல்களுக்காகச் சண்டையிட்டார்கள். முதலாம் ராஜராஜன் காலத்துக்குப் பின் கோட்டாறு சோழப் பெயர் தாங்கியது. பிறகு வேணாடு நிலைத்தது. மார்த்தாண்டவர்மா 1741இல் குளச்சலில் டச்சுக்காரர்களை வென்றதும், பத்மநாபபுரத்திலிருந்து திருவிதாங்கூரை ஆண்டதும் இந்த மண்ணில்தான். அதாவது திருவிதாங்கூர் என்ற அரசின் இதயம் ஒரு காலத்தில் இன்றைய தமிழ்நாட்டுக்குள் இருந்தது. தலைநகரம் திருவனந்தபுரத்துக்குப் போன பிறகு இந்தப் பகுதி தெற்கு ஓரமாயிற்று, அரசுக்கு நெற்களஞ்சியம் என்ற பெயர் மட்டும் மிஞ்சியது.

பிறகு அளப்பவர்கள் வந்தார்கள். வில்லியம் லாம்டன் 1802இல் சென்னைப் பரங்கிமலை அருகே அடிக்கோடு அளந்து தொடங்கிய முக்கோண அளவைப் பணி தெற்கே குமரிமுனை வரை நீண்டது. அவருடைய பெரிய தீர்க்கவளைவின் தென்முனை குமரிமுனைக்கு அருகில் உள்ள புன்னை என்ற இடம். அங்கிருந்து வடக்கே இமயமலை அடிவாரம் வரை போன அந்தக் கோட்டின் மேல்தான் இந்தியாவின் முதல் துல்லியமான வரைபடம் நின்றது. காஷ்மீர் முதல் கன்னியாகுமரி வரை என்று நாம் பேசத் தொடங்குவதற்கு முன்பே கிழக்கிந்தியக் கம்பெனியின் கருவிகள் குமரியை ஒரு முனையாகக் குறித்துவிட்டன. அதற்குப் பின் 1816 முதல் 1820 வரை வார்டு, கானர் என்ற அளவை அதிகாரிகள் திருவிதாங்கூர், கொச்சி இரண்டையும் அளந்தார்கள். ஒவ்வொரு வட்டத்தின் மலை, ஆறு, குளம், கோயில், வீடு, சாதி எல்லாம் அவர்கள் குறிப்பில் ஏறின. மண்டபத்தும்வாதுக்கல் என்று அழைக்கப்பட்ட அந்த வட்டங்கள் வரி தண்டுவதற்காக ஏற்பட்டவை. அவற்றின் எல்லையை இழுத்தபோது இந்தப் பக்கம் தமிழன், அந்தப் பக்கம் மலையாளி என்று யாரும் நினைக்கவில்லை. 136 ஆண்டுகள் கழித்து அதே வட்ட எல்லைதான் இரண்டு மொழிவழி மாநிலங்களுக்கு நடுவே வேலியாயிற்று.

அளவைக்காரர்களுக்கு அடுத்து இனத்தைப் பேசியவர்கள் வந்தார்கள். ஆரல்வாய்மொழிக்குக் கிழக்கே, திருநெல்வேலிச் சீமையில் இடையன்குடியில் இருந்த ராபர்ட் கால்டுவெல் 1849இல் சாணார் என்று அன்று அழைக்கப்பட்ட திருநெல்வேலி நாடார்களைப் பற்றி ஒரு நூல் எழுதினார். அவர்களைத் தாழ்த்திக் காட்டிய அந்த நூல் நாடார் சமூகத்தில் கடும் எதிர்ப்பைக் கிளப்பியது. 1856இல் அவரே திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணத்தை வெளியிட்டார். மலையாளம் தமிழிலிருந்து மிகப் பழங்காலத்தில் கிளைத்தது என்பது அதில் அவருடைய கருத்து. மொழிக் குடும்பத்துக்கு அவர் சூட்டிய திராவிடம் என்ற பெயர் விரைவில் மனித இனத்தின் பெயராகவும் புழங்கத் தொடங்கியது. 1901 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் அதன் ஆணையர் ரிஸ்லி மூக்கின் அகலத்தை அளந்து இந்தியர்களை இனங்களாகப் பிரித்தபோது தென்னிந்தியர் பெரும்பாலோர் திராவிடர் என்ற ஒரே கட்டத்துக்குள் விழுந்தார்கள்.

இந்த இனக் கருத்து கவிதையானதும் திருவிதாங்கூரில்தான். ஆலப்புழையில் பிறந்து திருவனந்தபுரத்தில் பேராசிரியராக இருந்த பெ. சுந்தரம் பிள்ளை 1891இல் மனோன்மணீயம் நாடகத்தை வெளியிட்டார். அதன் தமிழ்த்தாய் வணக்கத்தில் உலகப்படமே ஒரு பெண்ணாகிறது: கடல் அவளுக்கு ஆடை, பாரதக் கண்டம் முகம், தக்காணம் நெற்றி, திராவிட நாடு அந்த நெற்றியில் இட்ட திலகம். பள்ளிக்கூடச் சுவரில் தேசப்படம் தொங்கத் தொடங்கிய காலத்துக் கவிஞன் ஒருவனுக்குத்தான் இந்தக் கற்பனை தோன்றியிருக்க முடியும் என்பது என் கருத்து. மேலே நின்று நாட்டை ஒரே பார்வையில் பார்ப்பதற்கு வரைபடம் வேண்டும். அந்த வணக்கத்தின் ஒரு பகுதி 1970இல் தமிழ்நாட்டு அரசு விழாக்களில் பாடும் பாடலானது. மலையாளம் உள்ளிட்ட பிற மொழிகள் தமிழின் வயிற்றில் பிறந்தவை என்று சொல்லும் அடிகளை அரசு சேர்க்கவில்லை. இன்னொரு செய்தி, பலர் கவனிக்காதது: அந்த நாடகத்தில் பாண்டியனுக்கும் சேரனுக்கும் பகை மூளுவது நாஞ்சில் நாடு யாருக்குச் சொந்தம் என்ற கேள்வியால். வேணாட்டு அரசர்களின் கல்வெட்டுகளைத் தேடி ஆராய்ந்த சுந்தரம் பிள்ளைக்கு இந்த வயல்களின் பழைய வழக்கு நன்றாகவே தெரியும்.

திராவிடம் என்ற சொல் விளவங்கோட்டுக்காரனுக்கு என்ன தந்தது என்று கேட்டுப் பார்க்கலாம். அந்தச் சொல்லின்படி அவனும் அவனை அடக்கும் மலையாள மேல்சாதி நிலவுடைமையாளரும் ஒரே இனம். 1940களில் திராவிடநாடு கோரியவர்களின் படத்தில் கேரளமும் உள்ளேதான் இருந்தது. இனம் பெரிதாக விரிந்ததால் குமரியில் அதனால் கோடு கிழிக்க முடியவில்லை. கோடு கிழித்தது சாதியின் அனுபவம். அது மொழியின் பெயரால் பேசியது.

அந்த அனுபவம் கல்குளம், விளவங்கோட்டுப் பெண்களின் தோளில் எழுதப்பட்டது. நாடார் பெண்கள் மேலாடை அணியக் கூடாது என்ற கட்டுப்பாட்டை எதிர்த்து 1822இல் தொடங்கி 1859 வரை விட்டுவிட்டு மூண்டது தோள்சீலைக் கலகம். மயிலாடியில் 1806 முதல் வேர்விட்ட லண்டன் மிஷனைச் சேர்ந்த பெண்கள் குப்பாயம் அணிந்து சந்தைக்குப் போனபோது அது கிழிக்கப்பட்டது. ஜெபக்கூடங்களும் வீடுகளும் எரிந்தன. சாமித்தோப்பில் அய்யா வைகுண்டர் தம் மக்களைத் தலைப்பாகை கட்டி வந்து வழிபடச் சொன்னதும் இந்த ஆண்டுகளில்தான். 1859 ஜூலை 26 அன்று வந்த அரச விளம்பரம் மேலாடைக்கு அனுமதி தந்தது. அப்போதும் மேல்சாதிப் பெண்களைப் போல் அணியக் கூடாது என்ற நிபந்தனை ஒட்டிக்கொண்டிருந்தது. கணவாயைத் தாண்டிய திருநெல்வேலிச் சீமையில் சாதிக்கொடுமை இல்லை என்று சொல்ல முடியாது. ஆனால் அங்கே ஆடையைத் தடுக்க அரசாணை என்று ஒன்று இல்லை. ஒரே சாதிப் பெண்ணுக்கு எல்லையின் எந்தப் பக்கம் வாழ்கிறாள் என்பது பெரிய கேள்வி. கிழக்கே பார்க்கும் பழக்கம் இங்கே ஏன் வந்தது என்பதற்கு இதைவிட வலுவான காரணம் எனக்குத் தெரியவில்லை.

நாஞ்சில் நாட்டு வேளாளரின் வழி வேறு. நிலமும் கல்வியும் உள்ளவர்கள், வீட்டில் தமிழ் பேசியவர்கள், தேவாரம் ஓதியவர்கள். சொத்துரிமையோ மருமக்கள்வழி. தந்தையின் சொத்து மகனுக்குப் போகாமல் சகோதரியின் மகனுக்குப் போகும் அந்த முறையால் நாசமான குடும்பங்களின் கதையைக் கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளை நாஞ்சில் நாட்டு மருமக்கள்வழி மான்மியமாகப் பாடினார். திருவிதாங்கூர் அரசு 1926இல் நாஞ்சில் நாட்டு வேளாளர் சட்டத்தால் பிள்ளைகளுக்குத் தந்தையின் சொத்தில் உரிமை தந்தது. மொழியால் ஒரு பக்கமும் தாய முறையால் மறுபக்கமும் சாய்ந்து நின்ற சமூகம் இது. மொழிவழிப் பட்டியலில் இவர்களைத் தமிழர் என்ற ஒரே சொல்லால் எழுதிவிடலாம். வீட்டுக்குள் நடந்த வழக்குகளை அந்தச் சொல் காட்டாது.

1945 முடிவில் நாகர்கோவிலில் திருவிதாங்கூர்த் தமிழர்களுக்கென ஓர் அமைப்பு தோன்றியது. அடுத்த ஆண்டு அது திருவிதாங்கூர்த் தமிழ்நாடு காங்கிரஸ் என்று பெயர் பெற்றது. வழக்கறிஞர் மார்ஷல் நேசமணி அதன் முகமானார். அந்த நேரத்தில் இந்த நான்கு வட்டங்களின் மேல் எத்தனை படங்கள் விரிந்து கிடந்தன என்பதைப் பாருங்கள். திவான் சி.பி. ராமசாமி ஐயர் 1947 ஜூனில் திருவிதாங்கூர் தனிநாடாகும் என்று அறிவித்தார். ஐக்கிய கேரளம் கேட்டவர்கள் கோகர்ணம் முதல் குமரி வரை என்றார்கள். திராவிடநாடு கேட்டவர்களுக்கு ஒரு படம். வேங்கடம் முதல் குமரி வரை என்று ம.பொ.சி.யின் தமிழரசுக் கழகம் ஒரு படம் வைத்தது. நேசமணியின் இயக்கம் கேட்டது ஒன்பது வட்டங்கள்: தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு, நெய்யாற்றின்கரை, செங்கோட்டை, தேவிகுளம், பீர்மேடு, சித்தூர்.

1948 தேர்தல் காலத்தில் மாங்காட்டில் போலீஸ் சுட்டது. 1954இல் பட்டம் தாணுப்பிள்ளையின் பிரஜா சோஷலிஸ்ட் அமைச்சரவை இருந்தபோது, ஆகஸ்ட் 11 அன்று மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் ஊர்வலம் போனவர்கள் மீது துப்பாக்கிச் சூடு நடந்தது. உயிர்கள் போயின. தம் கட்சி அரசே மக்களைச் சுட்டதால் அமைச்சரவை விலக வேண்டும் என்று ராம் மனோகர் லோகியா கேட்டார். அந்தக் கட்சி உடைந்ததில் இந்த மண்ணின் ரத்தத்துக்கும் பங்கு உண்டு. இறந்தவர்கள் பெரும்பாலும் உழைப்பாளிகள். மொழிப் போராட்டம் என்று நாம் எழுதி வைத்திருப்பதில் அவர்கள் கண்டது, நூறாண்டுகளுக்கு முன் தோள்சீலைக்காகத் தொடங்கிய வழக்கின் முடிவை.

பசல் அலி, குன்ஸ்ரு, கே.எம். பணிக்கர் மூவர் கொண்ட மாநிலச் சீரமைப்பு ஆணையம் 1955 செப்டம்பர் 30இல் அறிக்கை தந்தது. எல்லைகளை மாற்ற மாவட்டமே அலகாக இருப்பது நல்லது என்று பொதுவாகக் கருதிய ஆணையம் இங்கே வட்டத்தை அலகாக எடுத்துக்கொண்டது. தெற்கின் நான்கு வட்டங்களும் செங்கோட்டையும் சென்னை மாநிலத்துக்கு என்றது. தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்திலேயே இருக்கட்டும் என்றது. அங்கே தேயிலைத் தோட்டங்களில் தமிழ் பேசுவோர் ஏராளம். அவர்கள் நிலையாகத் தங்கியவர்களா, வந்துபோகிறவர்களா என்ற வாதம் எழுந்தது, மலையின் பொருளாதாரமும் எடைபோடப்பட்டது. தலைமுறைகளாகக் கொழுந்து பறித்தவர்களை வந்துபோகிறவர்கள் என்று எழுத முடிந்ததென்றால், கணக்கெடுப்பு ஏட்டில் ஒருவரை எந்தக் கட்டத்தில் இடுவது என்பதை ஏட்டை வைத்திருப்பவரே தீர்மானிக்கிறார் என்றுதான் பொருள். குமரியில் மொழி எண்ணிக்கையை ஏற்றவர்கள் மலையில் அதைத் தள்ளிவைத்தார்கள். இது நியாயமான தீர்ப்பு என்று என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை.

புதிய கோடு போட்டாலும் பழைய கோடு அழியவில்லை. தமிழ்நாட்டின் பட்டியல் சாதிகள், பழங்குடிகள் பட்டியலைப் புரட்டினால் சில பெயர்களுக்குப் பக்கத்தில் 'கன்னியாகுமரி மாவட்டத்திலும் திருநெல்வேலி மாவட்டத்தின் செங்கோட்டை வட்டத்திலும்' என்ற அடைமொழி திரும்பத் திரும்ப வரும். வண்ணார் சமூகத்தவர் அந்த நிலப்பரப்புக்குள் பட்டியல் சாதி. ஆரல்வாய்மொழியைத் தாண்டினால் மிகவும் பிற்படுத்தப்பட்டோர். காணிக்காரர் என்ற மலைமக்களின் பழங்குடித் தகுதியும் இப்படி இடத்தோடு கட்டப்பட்டதுதான். அந்த அடைமொழியில் ஒளிந்திருப்பது திருவிதாங்கூரின் பழைய வரைபடம். செங்கோட்டை 2019இல் தென்காசி மாவட்டத்துக்குப் போய்விட்டது, ஆனாலும் பழைய அடைமொழி பட்டியலில் நிற்கிறது. நிலச் சட்டங்களிலும் இதே கதை: குமரியையும் செங்கோட்டையையும் 'மாற்றப்பட்ட நிலப்பரப்பு' என்று தனியாகப் பெயரிட்டே சென்னைச் சட்டமன்றம் சட்டங்கள் இயற்ற வேண்டியிருந்தது.

கோயில்களுக்கும் பங்கு பிரிக்கப்பட்டது. திருவிதாங்கூர் மன்னரோடு செய்த உடன்படிக்கையின் தொடர்ச்சியாக அரசமைப்புச் சட்டத்தில் 290ஏ பிரிவு சேர்ந்தது. அதன்படி கேரளம் 46.5 லட்சம் ரூபாயும் தமிழ்நாடு 13.5 லட்சம் ரூபாயும் ஆண்டுதோறும் தேவஸ்வ நிதிக்குத் தர வேண்டும். தக்கலை அருகே உள்ள பத்மநாபபுரம் அரண்மனை இன்றும் கேரள அரசின் பொறுப்பில்தான் இருக்கிறது.

நவராத்திரிக்கு முன் ஒரு முறை தக்கலைக்குப் போய்ப் பாருங்கள். அரண்மனையின் உப்பரிகை மாளிகையில் மன்னரின் உடைவாள் கைமாறும். தேவாரக்கட்டு சரஸ்வதியும் வேளிமலைக் குமாரசாமியும் சுசீந்திரத்து முன்னுதித்த நங்கையும் புறப்படுவார்கள். குழித்துறை வழியாகக் களியக்காவிளை வரை தமிழ்நாட்டுப் போலீஸ் மரியாதை. எல்லையில் கேரளப் போலீஸ் அணிவகுத்து நின்று வாங்கிக்கொள்ளும். அந்தச் சரஸ்வதி விக்கிரகம் கம்பர் வழிபட்டது என்பது வழிவழியாகச் சொல்லப்படும் செய்தி. வழிநெடுகத் திருக்கண் சார்த்தி நிற்கும் கூட்டத்தில் எது தமிழ்க்கூட்டம், எது மலையாளக்கூட்டம் என்று பேச்சை வைத்துப் பிரிக்க உள்ளூர்க்காரர்களாலும் முடியாது. பாறசாலைக்கும் களியக்காவிளைக்கும் நடுவே பெண் கொடுத்து எடுக்கும் குடும்பங்கள் இரண்டு பக்கமும் இருக்கின்றன. நெய்யாற்றின்கரையில் மலையாளம் பேசும் நாடார்கள் இருக்கிறார்கள்.

தண்ணீருக்கு மட்டும் இந்தக் கலப்பு புரியவில்லை. பேச்சிப்பாறை அணையும், அதன் நீர் பாயும் வயல்களும் ஒரே பக்கத்தில் விழுந்ததால் நாஞ்சில் நாடு தப்பியது. நெய்யாறு அணை கேரளத்தில் நின்றது, அதன் இடதுகரைக் கால்வாயின் கடைமடை விளவங்கோட்டில் சுமார் 9,200 ஏக்கர். 2004 முதல் அந்தக் கால்வாயில் தண்ணீர் வருவதில்லை. தமிழ்நாடு 2012இல் உச்ச நீதிமன்றம் போயிற்று.

கடலுக்கும் கோடு போடப்பட்டது. குமரிக்குத் தெற்கே ஒரு பெருங்கண்டம் முழுகியது என்ற படத்தை நம்மில் பலர் பள்ளி நாள்களில் பார்த்திருக்கிறோம். லெமூரியாக் கண்டம் என்பது 1864இல் ஸ்கிலேட்டர் என்ற விலங்கியலார் மடகாஸ்கரிலும் இந்தியாவிலும் காணப்படும் உயிரினங்களின் ஒற்றுமையை விளக்கச் சொன்ன ஊகம். கண்டங்கள் நகர்கின்றன என்று நிறுவப்பட்ட பிறகு அறிவியலுக்கு அது தேவைப்படவில்லை. கடல்கோள் பற்றிய நம் பழைய இலக்கியச் செய்திகளோடு அது இணைந்து குமரிக்கண்டமாகியது, தமிழினமே மனித இனத்தின் முதல் இனம் என்ற வாதத்துக்கு அடித்தளமாயிற்று. பனியுகத்தில் கடல்மட்டம் சுமார் 120 மீட்டர் தாழ்ந்திருந்ததால் குமரிக்கு வெளியே சிறிது நிலம் இருந்து மறைந்தது உண்மை. கண்டம் இருந்ததற்குச் சான்று இல்லை. இழந்ததாக நம்பும் நிலத்துக்கு இவ்வளவு படம் போட்ட நாம், 1976இல் இந்தியாவும் இலங்கையும் வரைந்த கடல் எல்லையில் குமரிக்குத் தெற்கே உள்ள வெட்ஜ் பேங்க் என்ற மீன்வளம் மிக்க மேட்டை இந்தியா பெற்றதைப் பிள்ளைகளுக்குச் சொல்வதில்லை. தூத்தூர் முதல் சின்னமுட்டம் வரை உள்ள மீனவர்களின் சோறு அந்தக் கோட்டில் இருக்கிறது.

இனி ஒரு வேண்டுகோள். இந்த மாவட்டத்தின் பழைய ஆதாரங்களில், அதாவது பத்திரங்களில், பலவும் மலையாளத்தில், கொல்லம் ஆண்டுக் கணக்கில் எழுதப்பட்டவை. தண்டப்பேர், ஒத்தி, பண்டாரவகை, ஜென்மம் என்று அவற்றில் வரும் சொற்களைத் தெரிந்தவர்கள் குறைந்து வருகிறார்கள். அழகியபாண்டியபுரம் முதலியார் வீட்டு ஓலைகளைக் கவிமணி தேடிப் பார்த்ததாலும் பின்னர் அ.கா. பெருமாள் பதிப்பித்ததாலும் நாஞ்சில் நாட்டு வரலாற்றின் பெரும்பகுதி நமக்குக் கிடைத்தது. அதுபோன்ற ஏடுகளும் ஆதாரங்களும் இன்னும் எத்தனையோ வீடுகளின் பரணில் கிடக்கின்றன. மாவட்ட நிர்வாகமும் பல்கலைக்கழகமும் இரண்டு மாநில ஆவணக் காப்பகங்களோடு சேர்ந்து அவற்றைப் படியெடுத்து, தமிழில் பெயர்த்து, எல்லோரும் பார்க்கும்படி வைக்க வேண்டும். உங்கள் வீட்டுப் பெட்டியில் அப்படி ஒரு பத்திரம் இருந்தால், செல்லுபடியாகாத காகிதம் என்று எரித்துவிடாதீர்கள்.